29 வருட தினக்கூலி, இப்போது ஏஜென்சிக்கு மாறக் கையெழுத்துக் கேட்கிறார்கள். போடலாமா?

காவலர்மகள்:

எல்லாருக்கும் வணக்கம். அப்பாவுக்காகக் கேட்கிறேன். கொஞ்சம் நீளமாக இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அப்பா ராமநாதபுரம் மாவட்டத்தில் ஒரு அரசுத் துறை அலுவலகத்தில் 1996 மார்ச் மாதத்திலிருந்து வேலை பார்க்கிறார். எந்தத் துறை என்று இங்கே எழுத வேண்டாம் என்று சொல்லிவிட்டார். சேரும்போது இரவுக் காவலர். அப்புறம் கூட்டிப் பெருக்குகிற அம்மா ஓய்வு பெற்றுப் போனார், அந்த இடத்துக்கு ஆள் போடவே இல்லை, அதுவும் அப்பா தலையில் வந்தது. இப்போது காலை ஏழு மணிக்குத் திறப்பது, பெருக்குவது, குடத்தில் தண்ணீர் கொண்டுவந்து வைப்பது, தபால் ஆபீஸ் போவது, ரெக்கார்டு ரூமில் பழைய கட்டுகளைத் தேடி எடுப்பது எல்லாம் அவர்தான். ராத்திரி படுக்கையும் அங்கேயே. ஆய்வுக்கு மேலதிகாரி வந்தால் எந்த வருட ஃபைல் எந்த பீரோவில் இருக்கிறது என்று அப்பாவைத்தான் கூப்பிட்டுக் கேட்பார்கள்.

சம்பளம் கலெக்டர் நிர்ணயிக்கிற தினக்கூலி. மாதக் கடைசியில் வவுச்சரில் ரெவின்யூ ஸ்டாம்ப் ஒட்டிக் கையெழுத்து. பி.எஃப். இல்லை, இ.எஸ்.ஐ. இல்லை. முதல் சில வருடங்கள் 89 நாள் வேலை, ஒரு நாள் இடைவெளி, மறுபடி 89 நாள் என்று ஓட்டியிருக்கிறார்கள். அந்த ஒரு நாளும் அப்பா வேலைக்குப் போகத்தான் செய்தார், கூலி மட்டும் கிடையாது. 2003லும் 2004லும் சில மாதங்கள் வவுச்சரை அம்மா பெயரில் போட்டிருக்கிறார்கள். அம்மா அந்த அலுவலக வாசலைக்கூட மிதித்ததில்லை.

2006ல் பத்து வருடம் முடித்தவர்களை நிரந்தரம் செய்ய அரசாணை வந்தபோது, 1.1.2006க்குள் பத்து வருடம் முடிந்திருக்க வேண்டும், உனக்கு ரெண்டு மாதம் குறைகிறது என்று சொல்லிவிட்டார்கள். அதன் பிறகு அப்பாவை நிரந்தரம் செய்யச் சொல்லி மூன்று அதிகாரிகள் மேலே கருத்துரு அனுப்பியதாகச் சொன்னார்கள். எதற்கும் பதில் வந்ததாகத் தெரியவில்லை.

இப்போது அப்பாவுக்கு 57 வயது. போன வாரம் ஒரு படிவம் கொடுத்து, அடுத்த மாதத்திலிருந்து அவுட்சோர்சிங் ஏஜென்சி மூலம்தான் சம்பளம், கையெழுத்துப் போட்டால் அதே வேலை, போடாவிட்டால் நின்றுகொள் என்கிறார்கள். படிவத்தில் "ஏஜென்சியில் புதிதாகப் பணியில் சேர விரும்புகிறேன், துறையின் மீது எந்த உரிமையும் கோர மாட்டேன்" என்று ஒரு வரி இருக்கிறது. பி.எஃப். பிடிப்பார்களாம், அதனால் நல்லதுதானே என்று அலுவலகத்தில் சொல்கிறார்கள். அப்பா போட்டுவிடலாம் என்ற மனநிலையில் இருக்கிறார். எனக்குத்தான் மனசு ஒப்பவில்லை. என்ன செய்வது?

பழைய_கண்காணிப்பாளர்:

அம்மா, முதல் வேலையாக அந்தப் படிவத்தை அப்பாவிடமிருந்து வாங்கி நீங்கள் வைத்துக்கொள்ளுங்கள். ஜெராக்ஸ் எடுத்து வையுங்கள். கையெழுத்து வேண்டாம்.

நான் கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றவன், எங்கே என்பது முக்கியமில்லை. அம்மா பெயரில் வவுச்சர் போட்டது பற்றி எழுதியிருக்கிறீர்களே, அதைப் படித்ததும் கொஞ்ச நேரம் கூசிப்போனது. நானே அப்படிப் போட்டிருக்கிறேன். ஒரே ஆளைத் தொடர்ந்து வைத்திருந்தால் ஆடிட்டில் கேள்வி வரும், நாளைக்கு அவன் நிரந்தரம் கேட்பான் என்று மேலே இருந்து வாய்மொழியாகச் சொல்வார்கள். எழுத்தில் எதுவும் வராது. நாங்களும் பெயரை மாற்றிப் போடுவோம். கூலி வீட்டுக்குத்தானே போகிறது, இதில் யாருக்கு என்ன நஷ்டம் என்று எங்களுக்கு நாங்களே சமாதானம் சொல்லிக்கொள்வோம். நஷ்டம் யாருக்கு என்று இப்போது தெரிகிறது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். கையெழுத்துப் போடாமல் சும்மா இருந்தாலும் தப்பு. அப்பா பெயரில் ஒரு மனு எழுதுங்கள். 1996 மார்ச் முதல் இடைவிடாமல் வேலை செய்துவருகிறேன், பணிவரன்முறை (நிரந்தரம்) கேட்கும் என் கோரிக்கை நிலுவையில் இருக்கிறது, எனவே தனியார் முகமைக்கு மாற எனக்குச் சம்மதமில்லை, வழக்கம்போல வேலை செய்யத் தயாராக இருக்கிறேன். இவ்வளவுதான், ஒரு பக்கம் போதும். அலுவலகத் தலைவருக்கு ஒன்று, மாவட்ட அலுவலருக்கு ஒன்று, துறைத் தலைமைக்கு ஒன்று. நேரில் கொடுத்தால் தபால் பிரிவில் தேதி முத்திரையோடு நகலில் கையெழுத்து வாங்குங்கள், தர மறுத்தால் ஸ்பீட் போஸ்ட், ரசீதைப் பத்திரமாக வையுங்கள். "வேலை செய்யத் தயார்" என்ற வரி கட்டாயம் வேண்டும். இல்லாவிட்டால் அவராகவே வராமல் நின்றுவிட்டார் என்று ஃபைலில் எழுதிவிடுவார்கள். இதையும் நான் பார்த்திருக்கிறேன்.

அப்புறம் தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு. பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டினால் போதும், முப்பது நாளில் பதில் தர வேண்டும். "என்னை ஏன் நிரந்தரம் செய்யவில்லை" என்று கேட்காதீர்கள், அதற்கு வருகிற பதிலால் பைசா பிரயோஜனம் இருக்காது. ஆவணத்தைக் கேளுங்கள். 1996 முதல் இரவுக் காவலர், பெருக்குபவர் கூலி கொடுத்த சில்லறைச் செலவினப் பதிவேட்டின் நகல், ரொக்கப் புத்தகத்தின் அந்தப் பக்கங்கள், அப்பாவைப் பற்றி மேலே அனுப்பிய கருத்துருக்களின் நகல், அந்த அலுவலகத்துக்கு ஒப்பளிக்கப்பட்ட (அரசு அனுமதித்த) பணியிடங்கள் எத்தனை, அதில் காலி எத்தனை, எப்போதிருந்து காலி. கடைசிக் கேள்வியை விட்டுவிடாதீர்கள். பழைய வவுச்சர்களைக் கழித்துக்கட்டியிருப்பார்கள், ஆனால் கருத்துருவோடு இணைத்து அனுப்பிய "பணிபுரிந்த நாட்கள் விவரம்" என்று ஒரு அட்டவணை மாவட்ட அலுவலகத்திலாவது இருக்கும். அதை ஒரு அதிகாரி கையெழுத்துப் போட்டுத்தான் அனுப்பியிருப்பார்.

குரூப்4_மூன்றாம்முறை:

சொன்னால் எல்லாரும் திட்டுவீர்கள், இருந்தாலும் சொல்கிறேன். உங்கள் அப்பா கஷ்டம் புரிகிறது. ஆனால் அறிவிப்பு இல்லாமல், தேர்வு இல்லாமல், அப்போது இருந்த அதிகாரிக்குத் தெரிந்தவர் என்று உள்ளே வந்தவர்களையெல்லாம் நிரந்தரம் செய்துகொண்டே போனால் வெளியே வருடக்கணக்கில் படித்துக்கொண்டிருக்கிறவர்கள் என்ன செய்வது? பின்வாசல் வழியாக வந்தவருக்கு நிரந்தரம் கேட்க உரிமை இல்லை என்று சுப்ரீம் கோர்ட்டே சொல்லியிருக்கிறது. எல்லாருக்கும் சமவாய்ப்பு என்பது எங்களுக்கும் சேர்த்துத்தானே?

வழக்குரைஞர்_மதுரைக்கிளை:

மேலே தம்பி சொல்வது உமாதேவி வழக்கு, 2006 ஏப்ரல் 10ல் ஐந்து நீதிபதிகள் அமர்வு கொடுத்த தீர்ப்பு. கர்நாடக வணிகவரித் துறைத் தினக்கூலிகள் விவகாரம். தம்பி சொன்னது அதில் பாதி. தீர்ப்பின் 53வது பத்தியை யாரும் சொல்வதில்லை, அரசு வழக்கறிஞர்கள் நிச்சயமாகச் சொல்வதில்லை. தகுதியே இல்லாதவரை இல்லாத பணியிடத்தில் போட்டால் அது சட்டவிரோத நியமனம். தகுதி உள்ளவரை ஒப்பளிக்கப்பட்ட காலிப் பணியிடத்தில் முறையான நடைமுறை இல்லாமல் போட்டிருந்தால் அது வெறும் முறைகேடான நியமனம். இரண்டாவது வகையில், கோர்ட் இடைக்கால உத்தரவின் தயவில் இல்லாமல், பத்து வருடமோ மேலேயோ வேலை செய்தவர்களை ஒருமுறை நடவடிக்கையாக நிரந்தரம் செய்யுங்கள், ஆறு மாதத்தில் வேலையைத் தொடங்குங்கள் என்று அதே தீர்ப்பில் இருக்கிறது.

காவலர்மகள், இனி நீங்கள் கவனமாகப் படிக்க வேண்டிய இடம். தமிழ்நாடு அரசின் 2006 பிப்ரவரி 28 தேதியிட்ட அரசாணை 22, பணியாளர் மற்றும் நிர்வாகச் சீர்திருத்தத் துறை, 1.1.2006ஐக் கெடுவாக வைத்தது. அதில் உங்கள் அப்பா ரெண்டு மாதத்தில் விழுந்தார், உண்மை. ஆனால் உமாதேவி தீர்ப்பு வந்தது அதற்குப் பிறகு. 2010ல் கேசரி வழக்கில் சுப்ரீம் கோர்ட் விளக்கம் கொடுத்தது. 10.4.2006 அன்று பத்து வருடம் முடித்திருந்தவர்களைப் பரிசீலித்தே ஆக வேண்டும், அந்த ஒருமுறை நடவடிக்கையை ஒரு துறை செய்யாமல் விட்டிருந்தாலோ, செய்தபோது சிலரை விட்டிருந்தாலோ அவர்கள் உரிமை காலாவதி ஆகாது என்று. 1996 மார்ச்சில் சேர்ந்தவருக்கு 10.4.2006 அன்று பத்து வருடம் முடிந்திருக்கிறது. சில வாரங்கள்தான் கூடுதல், ஆனால் முடிந்திருக்கிறது. இருபது வருடமாக "ரெண்டு மாதம் குறைகிறது" என்றே கேட்டுக் கேட்டு யாரும் மற்ற தேதியைப் பார்க்கவில்லை என்று நினைக்கிறேன்.

இதனாலேயே ஜெயித்துவிடலாம் என்று சொல்ல மாட்டேன். எதிர்ப்பக்கம் மூன்று ஆயுதம் வைத்திருக்கிறார்கள். முதலாவது, 2013 ஜூன் 27 அரசாணை 74. முழுநேரமாக, வேலைவாய்ப்பு அலுவலகம் மூலம் வந்தவர்களுக்குத்தான் சலுகை, பகுதிநேர ஆட்களுக்கு இல்லை என்பது அதன் சாரம். 2017ல் நம் பதிவுத்துறைப் பகுதிநேர மசால்ஜி (கடைநிலை ஊழியர்) ஒருவர் வழக்கில் சுப்ரீம் கோர்ட் அரசின் பக்கம் நின்றது, காரணம் அவர் பகுதிநேரம் என்பது. அதனால் உங்கள் அப்பாவின் காகிதங்களில் எங்காவது "பகுதிநேரம்" என்ற சொல் இருக்கிறதா என்று பாருங்கள். இரண்டாவது, தாமதம். இவ்வளவு நாள் என்ன செய்தாய் என்பார்கள். அதற்குத்தான் அந்த மூன்று கருத்துருக்களும் வேண்டும். மூன்றாவது, தொடர்ச்சி. 89 நாளுக்கு ஒருமுறை விட்ட ஒரு நாள் இடைவெளி பெரிய பிரச்சினை இல்லை, செயற்கை இடைவெளி என்பது நீதிமன்றங்களுக்குப் பழகிப்போன விஷயம். எனக்குப் பயம் அம்மா பெயரில் உள்ள வவுச்சர்கள்தான். அந்த மாதங்களில் வேலை செய்தது அப்பாதான் என்று காட்ட ஏதாவது ஒரு காகிதம் வேண்டும். சாட்சி சொல்ல ஆள் வருவார் என்பதெல்லாம் ரிட் மனுவில் உதவாது.

காற்று இப்போது உங்கள் பக்கம் கொஞ்சம் வீசுகிறது. 2024 டிசம்பர் 20ல் ஜக்கோ வழக்கு. மத்திய நீர் ஆணையத்தின் ஃபரிதாபாத் அலுவலகத்தில் துப்புரவு வேலை செய்த மூன்று பெண்கள், ஒரு தோட்டக்காரர், நாலு பேர். 2018ல் வெளியே அனுப்பிவிட்டு அந்த வேலையை அவுட்சோர்சிங்கில் கொடுத்தார்கள். வேலை நிரந்தரமானது என்பதற்கு அதுவே அத்தாட்சி என்று கோர்ட் எடுத்துக்கொண்டு நாலு பேரையும் நிரந்தரம் செய்யச் சொன்னது. 2025 ஆகஸ்ட் 19ல் உத்தரப் பிரதேச உயர்கல்விப் பணி ஆணையத் தினக்கூலிகள், தரம் சிங் வழக்கு. நிதி இல்லை, பணியிடம் இல்லை என்ற வாதத்தைத் தள்ளி, தேவைப்பட்டால் உபரிப் பணியிடம் உருவாக்கியாவது நிரந்தரம் செய் என்று உத்தரவு. இரண்டிலும் உமாதேவியைக் கேடயமாகப் பிடித்துக்கொண்டு ஆட்களைச் சுரண்டாதே என்பதுதான் அடிநாதம்.

இன்னொன்று, நிரந்தரம் கிடைக்கிறதோ இல்லையோ, 2016ல் ஜக்ஜித் சிங் வழக்கில் சொன்னபடி நிரந்தர ஊழியர் செய்யும் அதே வேலையைச் செய்யும் தற்காலிக ஊழியருக்கு அந்தப் பதவியின் ஊதிய விகிதத்தில் குறைந்தபட்சம் கிடைக்க வேண்டும். மனுவில் அதையும் மாற்றுக் கோரிக்கையாக வைப்பது வழக்கம்.

படிவம் பற்றிக் கண்காணிப்பாளர் ஐயா சொன்னதே சரி. "புதிதாக" என்ற ஒரு சொல்லில் 29 வருடத்தையும் அழிக்கப் பார்க்கிறார்கள்.

என்எம்ஆர்_1994:

நான் வேறு துறை. 1994ல் என்.எம்.ஆர்., அதாவது தினக்கூலி. மஸ்டர் ரோலில் (வருகைப் பட்டியலில்) பெயர் இருந்ததால் தப்பித்தேன். அரசாணை 22ல் 2008ல் பணிவரன்முறை ஆனது. அதனால் அக்காவுக்கு அனுபவத்தில் ரெண்டு வார்த்தை.

நிரந்தரம் ஆனால் எல்லாம் தீர்ந்தது என்று நினைக்காதீர்கள். 1.4.2003க்குப் பிறகு நிரந்தரம் ஆன எங்களைப் பங்களிப்பு ஓய்வூதியத்தில், அதாவது சம்பளத்தில் பிடித்துச் சேர்க்கிற திட்டத்தில், போட்டார்கள். தினக்கூலிக் காலத்தில் பாதியைப் பழைய ஓய்வூதியத்துக்குச் சேர்க்கச் சொல்லி எங்கள் ஆட்கள் பலர் வழக்குப் போட்டார்கள். கடைசியில் 2019ல் சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு, அந்தத் தேதிக்குப் பிறகு உள்ளே வந்தவர்களுக்குக் கிடையாது என்று முடித்துவிட்டது. என்னுடைய 14 வருடம் அந்தக் கணக்கில் காற்றில் போனது.

ஆனால் பணிக்கொடையை விட்டுவிடாதீர்கள். இதை யாரும் சொல்லிக்கொடுக்க மாட்டார்கள். சத்தீஸ்கரில் 22 வருடம் தினக்கூலி, 3 வருடம் நிரந்தரம் என்று இருந்த ஒருவருக்கு மொத்த 25 வருடத்துக்கும் பணிக்கொடை கொடு என்று 2018ல் சுப்ரீம் கோர்ட் சொன்னது. வருடத்துக்கு 15 நாள் கூலி. அப்பாவுக்கு நாளுக்கு 500 ரூபாய் என்று வைத்தால்கூட 29 வருடத்துக்கு 2,17,500 ரூபாய் வருகிறது. ஏஜென்சியில் புதிதாகச் சேர்ந்தேன் என்று எழுதிக் கொடுத்துவிட்டால் அங்கே கணக்கு ஒன்றிலிருந்து தொடங்கும், இங்கே உள்ளதைத் தர இழுத்தடிப்பார்கள்.

குரூப் 4 தம்பிக்கு: இரவுக் காவலர் பதவிக்கு உங்கள் டி.என்.பி.எஸ்.சி. பரீட்சையே கிடையாது, அது அடிப்படைப் பணி. உங்கள் இடத்தை அவர் எடுக்கவில்லை. அந்தக் காலியிடத்தை நிரப்பாமல் வைத்திருந்ததும், நாளைக்கு அதையே ஏஜென்சிக்குக் கொடுக்கப்போவதும் யார் என்று பாருங்கள். அங்கே உங்களுக்கும் இடம் இல்லை, அவருக்கும் இல்லை. 2025 ஆகஸ்டில் சென்னை மாநகராட்சியின் ரிப்பன் மாளிகை வாசலில் 13 நாள் உட்கார்ந்திருந்த தூய்மைப் பணியாளர்கள் கேட்டதும் இதைத்தானே, தனியாருக்குத் தள்ளாதே, நிரந்தரம் செய் என்று.

குரூப்4_மூன்றாம்முறை:

சரி அண்ணே, காவலர் பதவிக்குத் தேர்வு இல்லை என்பது எனக்குத் தெரியாது. ஆனால் தெரிந்தவரை உள்ளே விடுவது நடக்கிறதா இல்லையா? எங்கள் ஊரிலேயே பார்த்திருக்கிறேன். இவர் எப்படி வந்தார் என்று அவர்களே சொல்லட்டும்.

காவலர்மகள்:

எல்லாருக்கும் நன்றி. தம்பி கேட்ட கேள்வியை அப்பாவிடமே கேட்டேன். வேலைவாய்ப்பு அலுவலகத்திலிருந்து கார்டு வந்தது, நேர்காணலுக்கு ஆறு பேர் வந்திருந்தார்கள், ராத்திரி தனியாக இருக்கப் பயமில்லையா என்று ஒரே ஒரு கேள்வி கேட்டார்கள் என்றார். அந்தக் கார்டு எங்கே என்றால் தெரியவில்லை.

வழக்குரைஞர் சார், 10.4.2006 பற்றி நீங்கள் எழுதியதை அவருக்கு ரெண்டு தடவை படித்துக் காட்டினேன். ஒன்றும் பேசவில்லை. கொஞ்ச நேரம் கழித்து எழுந்து போய் பரணில் இருந்த டிரங்குப் பெட்டியை இறக்கினார்.

பகுதிநேரம் என்று எதிலும் இல்லை. பழைய ரேஷன் கார்டு, என் பத்தாம் வகுப்பு மார்க் ஷீட் இவற்றுக்கு நடுவில் ஒரு துண்டுக் காகிதம் இருந்தது. 2003 ஜூலை, அரசு ஊழியர் ஸ்டிரைக். எல்லாரையும் டிஸ்மிஸ் செய்தார்களே, அந்த நேரத்தில் அலுவலகத்தில் அதிகாரி ஒருவரும் அப்பாவும்தான். அதிகாரி வெளியூர் போக வேண்டி வந்ததால், அலுவலகச் சாவியும் ரெக்கார்டு ரூம் சாவியும் "தினக்கூலி இரவுக் காவலர்" என்று அப்பா பெயரைப் போட்டு அவரிடம் ஒப்படைக்கப்படுகிறது, மறு உத்தரவு வரை அலுவலகத்துக்கு இவரே பொறுப்பு என்று கையால் எழுதி, தேதி போட்டு, அலுவலக முத்திரை வைத்துக் கொடுத்திருக்கிறார். பதவிப் பெயரோடு கையெழுத்து இருக்கிறது. அந்த மாத வவுச்சர் அம்மா பெயரில்தான் இருக்கும்.

இது போதுமா சார்?

பழைய_கண்காணிப்பாளர்:

அந்த ஜூலையில் டிஸ்மிஸ் ஆன கூட்டத்தில் நானும் ஒருவன் அம்மா. நாங்கள் வெளியே நின்றபோது இப்படி ஒருவரிடம் சாவி இருந்தது என்று இன்றைக்குத்தான் தெரிகிறது. லேமினேஷன் மட்டும் செய்துவிடாதீர்கள், மை உரிந்துவிடும்.

வழக்குரைஞர்_மதுரைக்கிளை:

அது ஒரு மாதத்துக்குத்தான் சான்று, ஆனால் நல்ல மாதம். மற்ற மாதங்களுக்குப் பதிவேடு கேட்டுத்தான் பார்க்க வேண்டும். அசலை யாரிடமும் கொடுக்காதீர்கள், என்னிடம்கூட வேண்டாம், நகல் போதும். நாளைக்கே மனு மூன்றும் போகட்டும், தகவல் உரிமை மனுவும் அதே நாளில். வேலைவாய்ப்பு அலுவலகத்துக்குத் தனியாக ஒரு தகவல் உரிமை மனு, 1996ல் அந்த அலுவலகத்துக்கு அனுப்பிய பெயர்ப் பட்டியல் கேட்டு. கிடைத்தால் லாபம்.

அப்பா வழக்கம்போல வேலைக்குப் போக வேண்டும். அடுத்த மாதம் முதல் தேதி உள்ளே விடாவிட்டால் வாசலில் நின்று சண்டை போட வேண்டாம், அன்றே வேலை மறுக்கப்பட்டது என்று ஸ்பீட் போஸ்டில் ஒரு கடிதம், எனக்கு ஒரு ஃபோன். தடை உத்தரவு கேட்டு உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்கு வந்துவிடலாம். ஒரே ஒரு எச்சரிக்கை: "மனுதாரரின் கோரிக்கையை 12 வாரத்தில் பரிசீலிக்கவும்" என்று மட்டும் உத்தரவு வாங்கித் தந்து வழக்கை முடித்துவிடுகிற ஆட்கள் உண்டு. பரிசீலித்தோம், நிராகரித்தோம் என்று பன்னிரண்டாவது வாரம் கடிதம் வரும். உங்கள் அப்பாவுக்கு இருப்பதே மூன்று வருடம். அப்படிச் சுற்றிவர நேரமில்லை.

காவலர்மகள்:

சரி சார். மனு எழுதிவிட்டேன். அப்பா கையெழுத்துப் போட்டார். தபால் ஆபீஸுக்கு நான் போகிறேன் என்றேன், வேண்டாம், தினமும் அந்த வழியாகத்தானே அலுவலகத் தபால் கொண்டுபோகிறேன், இதையும் நானே சேர்த்துவிடுகிறேன் என்றார். ரசீது வாங்க மறக்காதீர்கள் என்று மட்டும் சொல்லி அனுப்பினேன்.